லண்டன் எம்.பி.யும் ஆறிப்போன டீயும்

போன மாதம் என்னை ஒரு கூட்டத்துக்குப் பேச அழைத்தார்கள். ஏன் அழைத்தார்கள் என்று கேட்காதீர்கள். முதலில் ஒப்புக்கொண்டவர் ஏதோ கல்யாணத்துக்குப் போய்விட்டார்... அவ்வளவுதான் என் தகுதி.

அழைத்தவர் அந்தோணிசாமி. கல்வராயன் மலை அடிவாரத்துக்காரர், ஒரு கட்சியின் கிளைச் செயலாளர். கள்ளக்குறிச்சியில் நண்பர்களோடு சேர்ந்து மாதாமாதம் ஒரு வாசிப்புக் கூட்டம் நடத்துகிறார். தலைப்பும் அவர் தந்ததுதான் — சொந்தக் கட்சியையே கேள்வி கேட்ட பிரிட்டன் இடதுசாரி எம்.பி. ஒருவரின் வாழ்க்கை. பெயர் வேண்டாம். அன்று நான் அதை உச்சரித்த விதத்தில், அவரே முன்வரிசையில் உட்கார்ந்திருந்தாலும் வேறு யாரையோ சொல்கிறேன் என்றுதான் நினைத்திருப்பார்.

மனிதர் சுவாரசியமானவர். சுரங்கத் தொழிலாளியின் மகன். தொழிற்சங்கத்தில் வளர்ந்து எம்.பி. ஆனவர். தன் கட்சி எதிர்க்கட்சியாக இருந்தபோது அரசைத் திட்டினார், கட்சிக்காரர்கள் கைதட்டினார்கள். தன் கட்சி ஆட்சிக்கு வந்த பிறகும் அரசைத் திட்டினார்... கைதட்டியவர்கள் கையைக் கட்டிக்கொண்டார்கள். மந்திரி பதவி கடைசிவரை வரவில்லை. கட்சியிலிருந்தே தள்ளி வைத்தார்கள். தொகுதி மக்கள் மட்டும் அவரை விடவே இல்லை.

பிரிட்டன் பார்லிமென்டில் ஓட்டெடுப்பு வேடிக்கையானது. ஆதரிப்பவர்கள் ஒரு நடைவழியில் போக வேண்டும், எதிர்ப்பவர்கள் இன்னொன்றில். யார் எந்தப் பக்கம் போகிறார்கள் என்று கட்சிக் கொறடா நின்று கவனித்துக்கொண்டிருப்பார். மொத்தக் கட்சியும் இந்தப் பக்கம் போக, நம்மவர் அந்தப் பக்கம் நடப்பார். மேடையிலேயே நடந்து காட்டினேன். மைக் ஒயர் காலில் மாட்டியது. விழவில்லை — மேசையைக் கட்டிப்பிடித்துக்கொண்டேன். அன்றைக்கு எனக்குக் கிடைத்த ஒரே உண்மையான கைதட்டல் அதற்குத்தான்.

அந்தோணிசாமி கண்கலங்கிவிட்டார். "இன்னா மனுசன் சார் அவரு..." என்று சொல்லிக்கொண்டே இருந்தார்.

கேள்வி கேட்க ஒரே ஒருவர்தான் எழுந்தார். அந்தோணிசாமியின் மனைவி லூர்துமேரி. ஊராட்சியில் வார்டு மெம்பர்.

"அவரு அந்தப் பக்கம் நடந்துட்டு வூட்டுக்குப் போயிருப்பாரே... வூட்ல இன்னா சார் சொன்னாங்க?"

தெரியவில்லை. அவர் பிறந்த ஊர், ஜெயித்த தேர்தல், போட்ட சண்டை எல்லாம் திரட்டி வைத்திருந்தேன். இதைத் தேட எனக்குத் தோன்றவே இல்லை. அதை ஒப்புக்கொண்டு உட்கார்ந்துவிட்டேன்.

அந்தோணிசாமி பைக் எடுக்கப் போன நேரத்தில்தான் லூர்துமேரி விஷயத்தைச் சொன்னார். அவர் வார்டில் ஓர் ஓடை. மழை பிடித்தால் பிள்ளைகள் அதில் இறங்கித்தான் பள்ளிக்கூடம் போக வேண்டும். போன மழையில் ஒரு சிறுமியைத் தண்ணீர் இழுத்துப் போனது, கரையோர முள்செடியில் மாட்டியதால் பிழைத்தாள். அங்கே வரவேண்டிய சிறுபாலத்தை ஊராட்சித் தலைவர் தன் தெருப் பக்கம் மாற்றப் பார்க்கிறார். தலைவரும் அந்தோணிசாமியின் கட்சி. மனைவி எதிர்த்தால் அவருடைய கிளைச் செயலாளர் பதவி போய்விடும். ஊராட்சிக் கூட்டத்தில் வாயைத் திறக்கக் கூடாது என்று வீட்டில் உத்தரவாம். லண்டன் எம்.பி.க்காகக் கண்கலங்கினாரே, அதே ஆள் போட்ட உத்தரவு!

கலகக்காரர்கள் என்றால் நமக்கு உயிர். ஆனால் நடுவில் ஒரு கடலாவது இருக்க வேண்டும். நான் மட்டும் யோக்கியமா? பார்லிமென்டைப் பற்றி முழங்கிவிட்டு வருகிறேன். எங்கள் குடியிருப்போர் சங்கச் செயலாளர் லேசாக முறைத்தால் சுவரில் தொங்கும் காலண்டரைப் படிக்க ஆரம்பித்துவிடுவேன்.

போன வாரம் அந்த ஊராட்சிக் கூட்டம் நடந்தது. அங்கே ஓட்டெடுப்பு என்ற பழக்கமே இல்லை. தலைவர் விஷயத்தைச் சொல்வார். டீ வரும். டம்ளரைக் கையில் எடுத்துவிட்டால் சம்மதம் என்று அர்த்தம். டீயை வேண்டாம் என்று சொல்கிற தைரியம் யாருக்கு வரும்?

சிறுபாலம் பேச்சு வந்தது. டீயும் வந்தது. லூர்துமேரி எடுக்கவில்லை. எழுந்து, நாற்காலிகளைச் சுற்றி நடந்து, எதிர்ச் சுவர் ஓரமாகப் போய் நின்றார்.

ஃபேன் காற்று வரவில்லையா என்று கேட்டாராம் தலைவர்.

"காத்து நல்லாத்தான் வருதுங்க. பாலத்த மாத்துறதுல எனக்குச் சம்மதம் இல்லிங்க. அதான் இந்தப் பக்கம் வந்துட்டேன்."

பிறகு இன்னொரு பெண் மெம்பர் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு, அவர் பக்கத்தில் போய் நின்றார். அப்புறம் மற்றவர்களும் ஒவ்வொருவராக... தலைவர் கையில் இருந்த டீ ஆறிவிட்டது. பாலம் ஓடைக்கே என்று முடிவாயிற்று.

இவ்வளவையும் எனக்குப் போனில் சொன்னவர் அந்தோணிசாமி. குரலில் நல்ல சூடு. "உங்களக் கூப்ட்டது என் தப்பு சார். தலைவரு மூஞ்சில நான் எப்டி முழிக்கிறது? பதவி போயிடிச்சின்னே வச்சிக்குங்க."

பின்னால் மழைச் சத்தம். எங்கே இருக்கிறீர்கள் என்று கேட்டேன்.

"ஓடைக்கிட்ட. ஓவர்சியர் அளவெடுக்க வந்துகீறாரு. மேரி எடம் காட்டிக்கினு கீது."

"நீங்க?"



"பக்கத்துலதான் சார்... குடை புடிச்சிக்கினு."

வருஷக்கணக்காகக் கட்சிக் கொடி பிடித்த கை அது. குடையா கனக்கப்போகிறது?