லஞ்சதோரே நகுலேஸ்வரன்

தண்ணீர் வாளியை இடது கையால்தான் தூக்குகிறார். தரை துடைக்கும் தடியும் இடது கையில்தான். திரைச்சீலை கழற்ற ஏணியில் ஏறினால், பிடித்துக்கொள்ளவும் இடது கை, கொக்கியை நீக்கவும் இடது கை என்பதால் ஒரு சன்னலுக்கு அரை மணி நேரம் போய்விடுகிறது. வலது கை விருந்துக்கு வந்த மாப்பிள்ளை போல இடுப்பில் சும்மா இருக்கிறது. பலேர்மோ நகரின் ஒரேத்தோவில் நான்காம் மாடியில் குடியிருக்கும் சிஞ்ஞோரா செலஸ்ரீனாவுக்கு எழுபத்தொன்பது வயது. ஒன்பது வருடங்களாகத் தன் வீட்டில் வேலை செய்யும் இந்த மனிதர் பிறவி இடதுகைக்காரர் என்று அந்த அம்மாள் நம்பிக்கொண்டிருக்கிறார். இடதுகைக்காரர் என்றால் அவருக்குக் கொஞ்சம் பயம். முதல் வருடம் முழுக்க இவர் கோப்பி கொண்டுவந்து வைக்கும்போதெல்லாம் சிலுவை போட்டுக்கொள்வாராம்.

வலது கை ஞாயிற்றுக்கிழமைக்கு வேண்டும். நகுலேஸ்வரன் பேஸ்போல் எறிபவர். இத்தாலியர் வாயில் அது லஞ்சதோரே. சின்ன மண்மேடொன்றில் ஏறி நின்று, பதினெட்டு மீற்றருக்கு அப்பால் உருண்டை மட்டையோடு நிற்பவனை ஏமாற்றுவது அவர் தொழில். அதை வைத்துக் குடும்பம் நடத்த முடியாது. எறிந்த நாளுக்குக் கழகம் ஏதோ கொடுக்கும், பயணச் செலவைப் பார்த்துக்கொள்ளும், மத்தியானம் பாஸ்தா போடும். ஆனாலும் கூலி வாங்கி எறிகிறவர் தொழில்முறை ஆட்டக்காரர்தானே என்று அவர் சொல்லும்போது குரல் கொஞ்சம் நிமிர்கிறது. உதைபந்தைத் தவிர வேறு எந்தப் பந்தையும் மதிக்காத இந்தச் சிசிலித் தீவில் ஐந்து கழகங்களுக்கும், நீரிணையைத் தாண்டி இத்தாலியப் பெருநிலத்தில் இரண்டு கழகங்களுக்கும் பதினொரு வருடங்களாக எறிந்திருக்கிறார். எதிலும் மூன்று பருவங்களுக்கு மேல் நிலைத்ததில்லை.

தொடக்கம் தற்செயலானது. 2005இல் பலேர்மோப் பூங்காவொன்றில் எங்கள் தமிழ் ஆட்கள் கிரிக்கெட் விளையாடிக்கொண்டிருந்தார்கள். எல்லைக்கோட்டில் நின்ற நகுலேஸ்வரன் ஓடிவந்த பந்தைப் பொறுக்கி, விக்கெட் காப்பாளரின் கைக்குள் நேராகப் போட்டார். நாயோடு உலாவ வந்த ஒருவர் அப்படியே நின்றுவிட்டார். அவர் பேஸ்போல் கழகமொன்றின் பயிற்சியாளர். இன்னொரு தடவை எறியச் சொன்னார், பிறகு இன்னொரு தடவை. நகுலேஸ்வரனுக்கோ கூச்சம். இவ்வளவு நல்ல கையை வைத்துக்கொண்டு அவர் பந்துவீசாமல் எல்லையில் போய் நின்றதற்கு ஒரு காரணம் இருந்தது.

பதினேழு வயதில், பருத்தித்துறைப் பக்கம், ஒரு பள்ளிக்கூட மட்ச். இவருடைய முதல் ஓவரிலேயே நடுவர் ஐந்து தடவை கையைப் பக்கவாட்டில் நீட்டினார். முழங்கை மடிகிறது, இவன் வீசவில்லை, எறிகிறான் என்பது தீர்ப்பு. சுற்றி நின்றவர்கள் ‘எறியிறான், எறியிறான்’ என்று பின்னேரம் வரை கத்தினார்கள். அன்றோடு கிரிக்கெட்டில் பந்துவீசுவதை விட்டுவிட்டார். அதே முழங்கையைத்தான் அந்தப் பலேர்மோப் பயிற்சியாளர் மடக்கிப் பார்த்து, நிமிர்த்திப் பார்த்து, இதை ஒருவரையும் திருத்த விடாதே என்று சொன்னார்.

“ஊரிலை எந்தக் குற்றத்துக்கு வெளியாலை விட்டாங்களோ, இஞ்சை அந்தக் குற்றத்துக்குச் சாப்பாடு போட்டாங்கள்” என்கிறார் நகுலேஸ்வரன். சொல்லிவிட்டுச் சிரிப்பார். அந்த ஐந்து தடவையும் அவருக்கு இன்னும் வலிக்கிறது என்பது சிரிப்பிலேயே தெரிந்துவிடும்.

விதிகளை இரண்டு மாதத்தில் படித்துவிட்டார். பழக்கவழக்கம் படிக்கக் காலமெடுத்தது. கத்தானியாவில் ஒரு கழகத்துக்கு எறிந்த முதல் கோடையில், பந்து கை நழுவி மட்டைக்காரனின் விலாவில் பட்டது. கிரிக்கெட்டில் வளர்ந்தவர் என்ன செய்வார்? கையை உயர்த்திக்கொண்டு, நோகிறதா என்று கேட்க நடந்து போனார். பேஸ்போலில் எறிபவர் மேட்டை விட்டிறங்கி மட்டைக்காரனை நோக்கி நடந்தால், அடிக்க வருகிறார் என்று பொருள். இரண்டு பக்கத்து வாங்குகளும் காலியாகி எல்லோரும் மைதானத்துக்குள் பாய்ந்துவிட்டார்கள். ஒருவர் சட்டையை ஒருவர் பிடித்து இழுத்துக்கொண்டிருக்க, நடுவில் நின்று இவர் விடாமல் மன்னிப்புக் கேட்டுக்கொண்டிருந்தார். காதடியில் ஒரு குத்து விழுந்தது. நடுவர் வெளியேற்றியதும் இவரைத்தான்.

“அடிபட்டவனைப் போய்ப் பாக்கக்கூடாதெண்டு ஒரு விளையாட்டு இருக்குமெண்டு நான் கனவு கண்டனா?” என்று கேட்கிறார். இப்போதெல்லாம் யாருக்காவது பட்டால் மேட்டிலேயே நின்று தரையைப் பார்க்கிறார். அது அவருக்குக் கொஞ்சமும் பிடிக்கவில்லை.

நகுலேஸ்வரன் என்ற முழுப் பெயர் எந்தக் கழகத்துச் சட்டையின் முதுகிலும் ஏறியதில்லை. ஒரு கழகம் நகுல் என்று போட்டது, இன்னொன்று ஈஸ்வர் என்று போட்டது, மெசினாவில் யாரோ எழுத்துகளை மாற்றியடித்துவிட அரைப் பருவம் முழுக்க அவர் நுகால் ஆக இருந்தார். பருவம் முடிந்ததும் சட்டையைத் தோய்த்து, ஸ்திரி போட்டு, திருப்பிக் கொடுத்துவிடுவார். மகள் பிரசாந்தினிக்கு இது பெரிய மனக்குறை. பதினொரு வயதுக்காரி. அப்பா எந்த அணி என்று வகுப்பில் கேட்டால் ஒவ்வொரு வருடமும் ஒவ்வொரு ஊரைச் சொல்ல வேண்டியிருக்கிறதாம்.

கையைப் பாதுகாப்பதில் அவர் காட்டும் கண்டிப்பை மனைவி சுதாஜினி முதலில் சோம்பல் என்றே நினைத்தார். ஸ்ஃபெர்ராகவால்லோவில் ஒரு கடலுணவுக் கடையில் நகுலேஸ்வரனுக்கு வார இறுதி வேலை கிடைத்தது. ஒக்டோபசைக் கல்லில் அடித்து மெதுவாக்கும் வேலை. அதற்கு வலது கை வேண்டும் என்றதும் மூன்றாம் நாளே விட்டுவிட்டு வந்தார். அன்று வீட்டில் நடந்த சண்டை பக்கத்து வீட்டுச் சிசிலியருக்கும் புரிந்தது. சுதாஜினி மூன்று அலுவலகங்கள் துடைக்கிறவர். அவருடைய இரண்டு கைகளுக்கும் ஓய்வு கிடையாது. ஆனால் சனிக்கிழமை இரவுகளில் அந்தத் தோளுக்குச் சுடுநீர் ஒத்தடம் கொடுப்பதும் அவர்தான்.

நம்மவர்களுக்கு இந்த விளையாட்டு பிடிபடுவதில்லை. தொலைபேசிக் கடை வைத்திருக்கும் பிரதீஸ், வருடாந்தத் தமிழர் கிரிக்கெட் கிண்ணத்தை நடத்துகிறவன், எதிர்ப்படும்போதெல்லாம் ஒரே கேள்வியைக் கேட்பான். “அண்ணை, இவ்வளவு காலம் வெள்ளையளுக்கு எறிஞ்சு என்ன கண்டியள்? எங்கடை கொமிற்றியிலை வந்து இருங்கோவன்.” நகுலேஸ்வரன் சிரித்து நழுவிவிடுவார். ஒருமுறை மட்டும் சொன்னார். “பெர்மெசோ விசாவுக்கு நிக்கிறன், பஸ்ஸுக்கு நிக்கிறன், சிஞ்ஞோரா கதவு திறக்குமட்டும் நிக்கிறன். அந்த மேட்டிலை ஏறினா மட்டும், நான் எறியுமட்டும் மற்றவை நிக்கினம்.” பிரதீசுக்கு இது விளங்கியதா தெரியாது. கடைக்கு ஆள் வந்ததால் அவன் உள்ளே போய்விட்டான்.

கழகங்கள் அவரைக் கழற்றிவிடும் முறையிலும் அவருக்கு ஒரு கணிப்பு உண்டு. தலைவர் தொலைபேசியில் பெயரைச் சொல்லி அழைத்தால் அடுத்த பருவமும் இடம் இருக்கிறது. ‘கரோ’, அதாவது ‘அன்பரே’, என்று தொடங்கினால் வீட்டுக்குப் போகலாம். இதுவரை விட்ட ஆறு கழகங்களும் அவரை அன்பரே என்று அழைத்தே அனுப்பியிருக்கின்றன. “அன்பாக் கதைச்சா எனக்குப் பயம்” என்பார்.

2016இல் அவருக்கு முப்பத்தெட்டு வயது. பருவம் சித்திரையில் தொடங்கும். ஆட்டக்காரர் பட்டியலைப் பங்குனி முடிவதற்குள் கழகம் கொடுத்துவிட வேண்டும். மாசி முழுக்க எந்த அழைப்பும் இல்லை. தோள் குளிருக்குக் குத்தியது. ஏழாவதான இப்போதைய கழகத்தின் தலைவர் கிறிகோரியோ, பலேர்மோவிலேயே இருப்பவர், வுச்சீரியாச் சந்தையில் எதிரே வந்தும் மீன் பார்ப்பது போலத் திரும்பிக்கொண்டார். நகுலேஸ்வரன் தொலைபேசியை எந்நேரமும் சட்டைப் பையிலேயே வைத்திருந்தார். குளியலறை துடைக்கும்போது அது வாளிக்குள் விழுந்து, ஒரு நாள் முழுக்க அரிசிக்குள் கிடந்தது. அந்த ஒரு நாளில்தான் அழைப்பு வந்திருக்கும் என்று மூன்று நாள் சாப்பாடு இறங்காமல் திரிந்தார்.

பங்குனி மூன்றாம் வாரம் அழைப்பு வந்தது. பெயரும் இல்லை, கரோவும் இல்லை. கிறிகோரியோ நேரே விஷயத்துக்கு வந்தார். பெருநிலத்திலிருந்து இளம் எறிபவர்கள் இருவரை எடுத்திருக்கிறார்கள். பட்டியலில் இன்னும் ஓரிடம் காலி. அது யாருக்கென்று முடிவாகவில்லை. இப்போதைக்குச் சனிக்கிழமை வந்து மட்டைக்காரர்களுக்குப் பயிற்சிப் பந்து போட முடியுமா? மற்றது, வெதியாமோ. பார்க்கலாம் என்ற அந்தச் சொல்லை, வதிவிட அனுமதிக்காகக் குவெஸ்தூரா பொலிஸ் வரிசையில் ஒரு தடவையாவது நின்ற எவரும் மறக்கமாட்டார்கள்.

பயிற்சிப் பந்து போடுகிறவர் மேட்டுக்கு முன்னால், கிட்ட வந்து நிற்பார். தனக்கு அடிபடாமல் முன்னே ஒரு வலைத்தடுப்பை வைத்துக்கொண்டு, பக்கத்து வாளியிலிருந்து ஒவ்வொன்றாக எடுத்து, மெதுவாக, நேராக, அடிக்க வசதியாகப் போட்டுக்கொண்டே இருக்க வேண்டும். நூறு, நூற்றைம்பது பந்து. எல்லாமே அடிபட வேண்டும். அடிபடாவிட்டால் அது போட்டவரின் பிழை. வழமையாக அது கை ஓய்ந்த பயிற்சியாளர்களின் வேலை.

“அதுவும் எறியிறதுதானேயப்பா. போட்டிட்டு வாங்கோ” என்றார் சுதாஜினி.

“எறியிறதெண்டா அவன் ஏமாற வேணும். இது பிள்ளைக்குச் சோறு தீத்திற மாதிரி” என்றார் நகுலேஸ்வரன்.

 வேண்டாமென்றால் விட்டுவிடுங்கள், ஆனால் போகாமல் இருந்துவிட்டு என்னோடு முகத்தை நீட்டிக்கொண்டு திரியக்கூடாது என்று சுதாஜினி சொன்னார். கனிவாகத்தான் சொன்னார். நகுலேஸ்வரன் போனார்.

சனிக்கிழமை காலையிலேயே தெற்கிலிருந்து சிரோக்கோச் சுடுகாற்று வீசி மைதானம் முழுக்கப் புழுதி. ஆட்டக்காரர் பத்துப் பேர் முறை வைத்து வந்து அடித்தார்கள். நகுலேஸ்வரன் சொன்னபடி போட்டார், மெதுவாக, நேராக. பந்துகள் அவர் தலைக்கு மேலே பறந்தபடியிருந்தன. ஒவ்வொரு மட்டைச் சத்தத்துக்கும் அவருக்கு உள்ளே ஏதோ கூசியது. பதினொரு வருடங்களாக அந்தச் சத்தம் கேட்கக்கூடாது என்பதற்காகவே உழைத்தவர்.

கடைசியாக வந்தவன் இஞ்ஞாசியோ. இருபத்து மூன்று வயது. சிராகூசாவிலிருந்து இந்த வருடம் கழகம் பெரிதாக நம்பி எடுத்திருக்கும் மட்டைக்காரன். மற்றவர்களெல்லாம் தலைக்கவசத்தோடு நிற்க, அவன் துணித் தொப்பியைப் பின்பக்கமாகத் திருப்பிப் போட்டுக்கொண்டு நின்றான். இந்தப் பந்துக்கு அது போதும் என்று நினைத்திருப்பான். முதல் ஆறு பந்துகளில் நான்கு வேலிக்கு வெளியே போயின. வேலியில் சாய்ந்துகொண்டிருந்த கிறிகோரியோவைப் பார்த்து, இந்த மாமாவை விட்டுவிடாதீர்கள், அடிப்பதற்கு இவரை விட நல்ல ஆள் கிடைக்காது என்று கத்தினான். அதில் கெட்ட எண்ணம் இருந்ததாகச் சொல்ல முடியாது. வாங்கில் இருந்தவர்கள் சிரித்தார்கள், கிறிகோரியோவும் சிரித்தார். எல்லாம் நகுலேஸ்வரனுக்கு நன்றாகவே விளங்கியது.

அவர் வாளியிலிருந்து அடுத்த பந்தை எடுத்தார். பிறகு வலைத்தடுப்பை ஒரு பக்கம் தள்ளி வைத்துவிட்டு, பின்னால் நடந்து மேட்டில் ஏறினார். ஏன் ஏறினீர்கள் என்று பிறகு கேட்டதற்கு, கால் போனது என்று மட்டும் சொன்னார். விரல்கள் பந்தின் தையலைத் தேடிப் பிடித்தன. சிரித்துக்கொண்டிருந்தவர்களில் யாரும் கவனித்ததாகத் தெரியவில்லை. முழங்கை மடிந்தது.

பந்து இஞ்ஞாசியோவின் காதுக்கு நேரே கிளம்பியது. அவன் ஐயோ என்று மட்டையைப் போட்டுவிட்டுத் தரையில் விழுந்தான். அவன் விழுந்துகொண்டிருக்கும்போதே பந்து காற்றில் வளைந்து, அவன் நின்ற இடத்தை விட்டு விலகி இறங்கி, பந்து கடக்க வேண்டிய தரைத்தட்டின் நட்டநடுவுக்கு மேலாகப் போய்ப் பின்வலையில் மோதியது. சரியான பந்து. அப்படியே நின்றிருந்தாலும் அவனைத் தொட்டிருக்காது.

வாங்கில் சத்தம் நின்றுவிட்டது. கிறிகோரியோ வேலியிலிருந்து நிமிர்ந்து ஏதோ சொல்ல வாயெடுத்தார்.  இருந்த ஓரிடத்தையும் தன் கையாலேயே கெடுத்துக்கொண்டோம் என்றுதான் நகுலேஸ்வரன் நினைத்தார். இன்னொரு பந்தை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டு, மேட்டை விட்டு இறங்காமல் நின்றார்.

இஞ்ஞாசியோ எழுந்தான். முழங்காலில் ஒட்டிய மண்ணைத் தட்டினான். மேட்டில் நின்றவரைக் கொஞ்ச நேரம் பார்த்தான். பிறகு வாங்குப் பக்கம் நடந்து போனான். துணித் தொப்பியைக் கழற்றி வாங்கில் வைத்தான். தன் தலைக்கவசத்தைத் தேடியெடுத்து, இரண்டு கையாலும் காது மறைய அழுத்திப் போட்டுக்கொண்டு, திரும்பி வந்து நின்றான்.