டாக்டர் புத்தகத்தில் பெயரில்லாத மனிதர்

இன்று போளூர் பஸ்ஸில் பக்கத்தில் இருந்த டீச்சர் ஒரு புத்தகம் படித்துக்கொண்டிருந்தார். அட்டையில் இருந்த முகத்தைப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது. எமர்ஜென்சி முடிந்த வருஷம் எங்கள் மலை ஆஸ்பத்திரியில் இருந்த டாக்டர்.

"எங்க மலையப் பத்தி இன்னா எழுதிக்கிறாரு? படிம்மா."

படித்தார். காய்ச்சல்காரன் ஒருவனை டோலி கட்டித் தூக்கி வந்தார்களாம். கூட வந்த மனைவிக்குப் புருஷன் பெயர்கூடத் தெரியாதாம். மறுநாள் அவன் செத்துப்போனானாம். பெயரில்லாத மனிதன் யார் என்று டாக்டர் இரண்டு பக்கம் யோசித்திருக்கிறார்.

"அந்தப் பொம்பள நான்தாம்மா."

"வூட்டுக்காரர் பேரு தெரியாதா பாட்டி?"

"தெரியாம இன்னா? புருஷன் பேரச் சொன்னா அவரு ஆயுசு கொறையும்னு எங்க வழக்கம். கார்த்திகைக்கு மலை மேல தீபம் ஏத்துறாங்களே, அந்தச் சாமி பேருன்னு மூணு வாட்டி சொன்னேன். அந்தாளு சிரிச்சுக்கினே பேரு எழுதுற எடத்துல கோடு போட்டுட்டான். டோலி தூக்கினவங்க வெளியதான் நின்னாங்க. ஒரு வார்த்த கேட்டானா?"

"அவரு இப்ப பெரிய எழுத்தாளருங்க பாட்டி."

"இருக்கட்டும்."

டீச்சர் சந்தவாசலில் இறங்கிப் போய்விட்டார்.

வீட்டுக்கு வந்து தனியாக உட்கார்ந்து இதை எழுதுகிறேன். அவர் பெயர் அண்ணாமலை.

டாக்டரைத் தெரிந்தவர்கள் சொல்லிவிடுங்கள், திருத்திக்கொள்ளட்டும். மற்றவர்கள் ஒரு தடவை சத்தமாகப் படியுங்கள். எனக்கு எழுதத்தான் வந்தது, வாயில் இன்னும் வரவில்லை.