கேட்டவர் ஒருவர், கையெழுத்துப் போட்டவர் ஒருவர்

ரேஷன் ஆபீஸிலிருந்து பெஹாலாவுக்கு நடந்தே திரும்பிக்கொண்டிருந்தோம். டிராம் வந்தது, நின்றது, போனது. அண்ணாச்சி ஏறவில்லை. அவர் ஏறாததால் நானும் ஏறவில்லை.

"ஏல, நம்ம லைசென்ஸைப் பறிச்சது யாருல? எனக்குப் பிடிபடலையே" என்றார்.

எனக்கும் பிடிபடவில்லை.

தொண்ணூறுகளின் நடுவில் நடந்தது இது. எட்டாம் வகுப்போடு ஊரைவிட்டுக் கிளம்பியவன் நான். விஜயவாடாவில் ஓட்டல், கரக்பூரில் செங்கல் சூளை என்று சுற்றிவிட்டு, கல்கத்தாவின் பெஹாலா பகுதியில் சுப்பையா அண்ணாச்சியின் ரேஷன் கடையில் எடை போட்டுக்கொண்டிருந்தேன். திருநெல்வேலிக்காரர். அப்பா காலத்துக் கடை. வங்காளிகளுக்கு அவர் 'சுப்புதா', அதாவது சுப்பு அண்ணன்.

கோடை விடுமுறையில் ஊருக்குப் போகும் தமிழ்க் குடும்பங்கள் ரேஷன் கார்டை அவரிடம் கொடுத்துவிட்டுப் போவார்கள். பூட்டிய வீட்டில் கரையான் அரிக்கும், திருடன் வருவான். கடையில் இருந்தால் பத்திரம். அவர்கள் பங்குச் சர்க்கரையை நாங்கள் தொட்டதில்லை. ஆனால் அடுத்தவர் கார்டைக் கடைக்காரர் வைத்திருக்கக் கூடாது என்பது சட்டம். ஒரு மே மாதம் இன்ஸ்பெக்டர் டிராயரைத் திறந்தார். கட்டாகக் கார்டுகள் இருந்தன. அன்றைக்கே கடைக்கு சீல் வைத்தார்கள்.

விசாரணைக்கு நானும் கூடப் போனேன். ஆபீஸர் உட்காரவைத்து டீ வரவழைத்தார். அண்ணாச்சி சொன்னதையெல்லாம் பொறுமையாகக் கேட்டார். பிறகு இந்தியில் சொன்னார்: "வெச்சிருந்தது தப்புதான். ஆனா திருட்டு மாதிரி தெரியலை. லீவு முடிஞ்சு கார்டுக்காரங்க வரட்டும், நேர்ல கூட்டிட்டு வாங்க. அதுவரைக்கும் நான் எதுவும் எழுத மாட்டேன்."

காத்திருந்தோம். ஊரிலிருந்து திரும்பியவர்களைத் திரட்டிக்கொண்டு புறப்பட்டோம். பாங்க் ஆபீஸர் மனைவி கோமதி மாமி பட்டுப்புடவையில் வந்தாள்.

"மாமி, கல்யாணத்துக்கா போறோம்?" என்றேன்.

"போடா! பார்த்தா ஆபீஸர் நம்ப வேண்டாமோ?"

நாற்காலியில் வேறு ஆள் இருந்தார். பழையவர் ஜல்பைகுரிக்கு மாற்றலாகியிருந்தார். இவர் கையெழுத்தோடு லைசென்ஸ் ரத்து ஆர்டர் முந்தின நாளே போய்விட்டதாம்.

மாமிக்கு வங்காளம் தண்ணீர்பட்ட பாடு. "எங்களைக் கேக்காமயேவா?" என்று பிடித்துக்கொண்டாள்.

"ஹியரிங் முடிஞ்சிடுச்சு, மாஷிமா" என்றார் புதியவர், பெரியம்மா என்கிற மரியாதையில்.

"யார் கேட்டது?"

"முன்னாடி இருந்தவர்."

"அவர்தானே எங்களை வரச்சொன்னது!"

"அது ஃபைல்ல இல்லையே. நான் ஃபைலைத்தான் பார்த்தேன்."

"ஃபைலுக்குக் காது இருக்கா?"

அவர் கோபப்படவில்லை. மாமிக்குத் தன் பக்கத்து நாற்காலியை இழுத்துப் போட்டார். மேல் ஆபீஸில் அப்பீல் செய்யலாம், ஆனால் தீர்ப்பு வரும்வரை கடை கிடையாது என்றார். கத்துகிற ஆளாக இருந்தால் நாங்களும் கத்தியிருப்போம்.

வாசலில் மாமி கேட்டாள்: "ஏன் அண்ணாச்சி, டயம் குடுத்ததை அன்னிக்கே எழுதி வாங்கியிருக்கப்படாதோ?"

"டீ வாங்கிக் குடுத்த மனுசன்கிட்ட, எழுதிக் குடும்னு எப்படிம்மா கேப்பேன்?"

நடந்து வரும்போது அதையேதான் திருப்பித் திருப்பிச் சொன்னார். "ரெண்டு பேருமே நல்ல மனுசனாத்தான் இருக்காவ. நான் யாரு மேலல கோவப்படுவேன்?"

பிறகு எத்தனையோ ஊரில் வேலை பார்த்துவிட்டேன். அதிகாரி வாயால் தவணை கொடுத்தால், எழுந்திருக்கும் முன் எழுதி வாங்கிவிட வேண்டும். இளையவர்களுக்கு அதைத்தான் சொல்வேன். ஆனாலும், கேட்காதவர் கையெழுத்துப் போட்டதற்கு, எழுதி வாங்காதவர் எப்படிக் குற்றவாளியானார்? அது எனக்கு இன்னும் குழப்பம்தான். அப்பீல் முடியும்வரை நான் கல்கத்தாவில் இருக்கவில்லை.

நாங்கள் நடந்து திரும்பியதற்கு மறுநாள் காலை லாரி வந்தது. சீலை உடைத்து, இருப்பிலிருந்த மூட்டைகளை அடுத்த தெருக் கடைக்கு மாற்ற ஆர்டர். லாரிக்காரனுக்கு ஒரு கூலியாள் தேவைப்பட்டான். நான் அண்ணாச்சியைப் பார்த்தேன்.

"ஏல, நீயே போ. வேற எவனாவது வந்தா கொக்கியைப் போட்டு மூட்டையைக் கிழிச்சிருவான். சனங்க சாப்பிடுத கோதுமை."

துண்டைச் சும்மாடாகச் சுருட்டித் தலையில் வைத்தேன். முதல் மூட்டையை அவர்தான் தூக்கிவிட்டார்.