தொட்டால் உதிரும் கல்

எழுபதுகளின் கடைசியில், எந்த மேட்டில் என்ன பாறை என்று வரைபடம் போட, பிரிஞ்சாங் பக்கத்திலிருந்த எங்கள் தேயிலைத் தோட்டத்துக்கு ஓர் அதிகாரி வந்தார். ஒல்லியான மனிதர். எந்தக் கல்லை எடுத்தாலும் நாக்கால் ஈரமாக்கிவிட்டுத்தான் லென்ஸ் வைத்துப் பார்ப்பார். மூன்று நாள் அவர் பொறுக்கிய கற்களைப் பையில் சுமந்து இறக்கியவன் நான். கொழுந்தை நிறுக்கக் கொடுக்குமுன் முற்றின இலையைக் கழிக்கிற பழக்கம் எனக்கு. தொட்டால் உதிரும் கற்களை வழியிலேயே வீசிவிட்டு, நல்லதாக மட்டும் கொண்டுவந்தேன்.

பையைத் திறந்தவர் அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

“உதிர்ற கல்லுதான்லா எனக்கு வேணும், அண்ணே. மலை எங்க சரியும்னு அதுதான் சொல்லும்.”

“மொதல்லயே சொல்லித் தொலைச்சிருக்கலாமே, சார்?”

இரண்டு திட்டு திட்டியிருந்தால் அன்றைக்கே மறந்திருப்பேன். அவரோ சுத்தியலை எடுத்துக்கொண்டு மழையில் மறுபடி மேலே ஏறினார். பைக்காகக் கை நீட்டினேன். அதைத் தம் தோளிலேயே மாட்டிக்கொண்டார்.