கிணற்று நீச்சலும் எருமை நீச்சலும்

என் வீட்டுக்காரரைவிட வேகமாக நீந்துகிற ஆள் எங்கள் பெருமாட்டி ஊர்ப் பக்கத்தில் இல்லை என்று நான் கல்யாணமாகி வந்த புதிதில் எல்லாரும் சொன்னார்கள். அவரும் சொன்னார், கொஞ்சம் அதிகமாகவே. தோட்டத்துக் கிணற்றில் இந்தச் சுவரை உதைத்தால் அடுத்த மூச்சுக்குள் எதிர்ச்சுவரில் கை இருக்கும். தவளையும் தண்ணீர்ப் பாம்பும் அவருக்கு ஒதுங்கி வழிவிடும். துணி துவைக்கிற சாக்கில் நான் பார்த்துக்கொண்டிருப்பேன். அழகாகத்தான் இருந்தது, பொய் எதற்கு?

எங்கள் பக்கத்தில் எல்லாரும் கிணற்றில் நீந்தப் பழகியவர்கள். கிணற்றுத் தண்ணீர் எங்கும் போகாது. களைத்தால் பிடித்துக்கொள்ளப் படிக்கல் இருக்கும். அந்த நினைப்பிலேயே ஆற்றிலும் இறங்கிவிடுவார்கள்.

அந்த ஆடியில் எங்கள் சினை எருமை அக்கரையில் மேய்ந்துகொண்டிருந்தபோது, மலையில் பெய்த மழை செந்தண்ணீராக ஆற்றில் வந்துவிட்டது. எருமை சற்று நேரம் பார்த்தது. பிறகு வீடு திரும்பும் நேரம் என்று தானாகவே தண்ணீரில் இறங்கியது. இவருக்குப் பொறுக்கவில்லை.

"சினை எருமைங்கப்பா, வெள்ளம் இழுத்துட்டுப் போயிரும்" என்று என் மாமனாரிடம் சொல்லிவிட்டு, வேட்டியை இறுக்கிக் கட்டிக்கொண்டு குதித்தார்.

வேகம் என்றால் வேகம்தான். இக்கரையில் நின்ற நாங்கள் கண்ணைத் துடைத்துப் பார்ப்பதற்குள் பாதி ஆற்றில் இருந்தார். அதற்குப் பிறகு கை எழவில்லை. தலை ஒருமுறை உள்ளே போய் வந்தது. எருமையோ, எருமை மாட்டின்மேல் மழை பெய்த மாதிரி என்று வைவோமே, அதே நிதானத்தில் மூக்கைத் தூக்கிக்கொண்டு வந்தது. அக்கரையில் இறங்கியபோது என்ன வேகமோ அதே வேகம், கூடவும் இல்லை, குறையவும் இல்லை. அது தம்மைக் கடந்து போனபோது இவர் அதன் வாலைப் பிடித்துக்கொண்டார்.

ஆனால் வெள்ளம் எருமையையும் கீழ்ப்பக்கம் தள்ளத் தொடங்கியது. கீழே பாறைகள். அங்கே போனால் மாடும் மிஞ்சாது, ஆளும் மிஞ்சாது.

மாமனாரும் பக்கத்துத் தோட்டக்காரர்களும் இவர் பேரைச் சொல்லிக் கத்தினார்கள். புருஷன் பேரை நான் சொல்லக் கூடாது. மாமனார் எதிரில் சத்தமாகப் பேசியதுகூட இல்லை. என்ன தோன்றியதோ, தினமும் தொட்டிக்கு அழைக்கிற அதே குரலில் எருமையைக் கூப்பிட்டேன்.

"வா கண்ணு, தண்ணி குடிக்க வா."

வெள்ளத்தில் கிடக்கிற மாட்டைத் தண்ணீர் குடிக்கக் கூப்பிட்ட பைத்தியம் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன். ஆனால் அதன் காது அசைந்தது, முகம் என் பக்கம் திரும்பியது. கரையோரமாக ஓடிக்கொண்டே திரும்பத் திரும்பக் கூப்பிட்டேன். பாறைக்குக் கொஞ்சம் முன்னால் அது கரையேறியது. இவரும் கூடவே சேற்றில் இழுபட்டு வந்து சேர்ந்தார்.

கரைக்கு வந்த பிறகும் வாலைப் பிடித்த விரல்கள் விறைத்துப்போய்த் திறக்கவில்லை. மாமனார் முயன்று பார்த்துவிட்டு, "அம்மிணி, நீ பாரு" என்றார். பகல் வெளிச்சத்தில், அத்தனை பேர் எதிரில், ஒவ்வொரு விரலாகப் பிரித்தேன்.

பயம் தெளிந்ததும் மாமனாருக்கு வாய் திரும்பிவிட்டது. "கெணத்துல மீனாட்டம் போவே. ஆத்துல எருமதான் உன்னையக் கூட்டிட்டு வரோணும்" என்றார்.

இவர் சிரிக்கவில்லை. என்னைப் பார்த்து மெதுவாகக் கேட்டார்: "எல்லாரும் என்னையக் கூப்பிட்டாங்க. நீ மட்டும் எருமையக் கூப்பிட்டயே?"

"உங்களக் கூப்பிட்டிருந்தா உங்களால வர முடியுமுங்களா? வர முடிஞ்சதத்தானுங்க கூப்பிட்டேன்."

சொல்லி முடிப்பதற்குள் அழுதுவிட்டேன். பிரித்துவிட்ட விரல்களால் அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார். மாமனார் எங்களைத் திரும்பிப் பார்க்காமல் எருமையை ஓட்டிக்கொண்டு முன்னால் நடந்தார்.