துணை நடிகை வேஷம்

"ணங்" என்று முன்னறையில் ஒரு சத்தம். கண்ணாடி டீப்பாய்மேல் கனமான எதையோ வைத்தார்கள். தொடர்ந்து சின்னப்பராஜ் கைதட்டுவது கேட்டது. சமையலறையில் பால் பொங்கி வழிவதைப் பார்த்தபடியே நின்றாள் கிருபாவதி. இருபத்திரண்டு வருஷக் கல்யாண வாழ்க்கையில் கணவர் தனக்காக ஒருநாளும் அப்படிக் கைதட்டியதில்லை.

"ஏனுங்க கிருபாக்கா, இங்க வந்து பாருங்க!" கெசியாவின் குரல்.

"வாரேன் கண்ணு. காப்பி கலக்கறேன்."

சூலூரில் கிருபாவதியைத் தெரியாதவர்கள் குறைவு. நூல்மில் ஆபீசில் டைப்பிஸ்ட். டிசம்பர் வந்தால் சபையின் கிறிஸ்துமஸ் நாடகத்தில் இயேசுவின் தாய் மரியாள். பதினெட்டு வருஷமாக அவளேதான் மரியாள். நாற்பது தாண்டியும் அந்த நீல முக்காட்டை அவள் விட்டுக்கொடுக்கவில்லை. வீட்டில் பள்ளி யூனிஃபார்ம் தைத்துப் பிழைக்கும் கெசியாவுக்கு எப்போதும் மரியாளை வாசலிலேயே திருப்பி அனுப்பும் சத்திரக்காரன் மனைவி வேஷம். "இடமில்லை" என்று ஒரே ஒரு வசனம்.

தொண்ணூற்றைந்து கிறிஸ்துமஸ் நாடகத்தைப் பார்க்க ஒரு சினிமா இயக்குநர் வந்திருந்தார். உடுமலைப்பேட்டைத் தென்னந்தோப்பில் எடுக்கும் படத்துக்கு, கொங்குத் தமிழ் இயல்பாகப் பேசும் பெண் வேண்டுமாம். நேராகக் கிருபாவதியிடம் போனார்.

"கதாநாயகியோட அக்கா வேஷம்மா. துணை நடிகைதான், ஆனா..."

அந்த "ஆனா"வுக்குப் பிறகு அவள் கேட்கவில்லை. துணை நடிகை என்றால் கூட்டத்தோடு குடம் தூக்கிப் போகிறவள், கதாநாயகிக்குப் பின்னால் ஆடுகிறவள். அவளுக்குத் தெரிந்த அர்த்தம் அதுதான்.

"மரியாள் வேஷம் கட்டறவ கூட்டத்துல நிக்கறதுங்களா? கெசியாவக் கூட்டிட்டுப் போங்க. ஓரமா நின்னே பழகினவ."

படம் பத்து நாள்தான் ஓடியது. ஆனால் தொண்ணூற்றேழில், ஐரோப்பாவில் எங்கோ நடந்த படவிழாவில் கெசியாவுக்கு விருது கொடுத்தார்கள். 'கோவை துணை நடிகைக்கு உலக விருது' என்று பேப்பரில் வந்தது. துணை நடிகை என்ற சொல்லைப் பார்த்து முதலில் சிரித்தாள் கிருபாவதி. படத்தின் பாதிக் காட்சிகள் அந்த அக்காவுடையவை என்று கீழே படித்ததும் பேப்பரைக் கசக்கி எறிந்தாள். அன்றிலிருந்து கெசியா வீட்டுச் சந்துப் பக்கமே அவள் போகவில்லை.

கிருபாவதி காப்பியோடு முன்னறைக்கு வந்தாள். டீப்பாயில் அந்த விருது, சிறகு விரித்த ஒரு பெண் சிலை.

"கையில எடுத்துப் பாருங்கக்கா."

"பித்தளையாட்டத் தெரியுது."

"வெண்கலம்," என்றார் சின்னப்பராஜ்.

"தட்டியே பாத்துப்போட்டீங்களாக்கும்?"

கெசியா சிரிப்பை அடக்கிக்கொண்டாள். "ஞாயித்துக்கெழமை சபையில பாராட்டுக் கூட்டமுங்க. பொன்னாடைய நீங்கதான் போத்தோணும். போதகர்கிட்டச் சொல்லிப்போட்டேன்."

இத்தனை காலம் தன் முதுகுக்குப் பின்னால் நின்றவளுக்குத் தன் கையாலேயே பொன்னாடையா! கிருபாவதி காப்பித் தட்டை டீப்பாயில் வைத்தாள்.

"அது எனக்கு வந்த வேஷம் கண்ணு. நான் தூக்கி எறிஞ்சதைத்தான் நீ பொறுக்கிக்கிட்டே."

"கிருபா!" என்று அதட்டினார் சின்னப்பராஜ்.

"தெரியுமுங்கக்கா," என்றாள் கெசியா. "டைரக்டரு மொத நாளே சொல்லிப்போட்டாரு. ஓரமா நின்னே பழகினவன்னு நீங்க சொன்னதையும்." குரலில் கோபம் இல்லை. அதுதான் அதிகம் சுட்டது. "நெசந்தானுங்களே. ஓரத்துல நின்னு உங்களையவேதான் பாத்துட்டிருந்தேன். படத்துல அந்த அக்கா நடக்கறது, மொறைக்கறது, அழுகைய முழுங்கறது எல்லாமே உங்களுதுங்க. அதனாலதான் நீங்க வரோணும்னு கேக்கறேன்."

ஒரு சொல் போதும். "வாரேன்" என்ற ஒரே சொல். ஆனால் கிருபாவதியின் வாயில் வந்தது வேறு.

"அப்ப என்ற மூஞ்சியக் காட்டித்தான் பரிசு வாங்கிப்போட்டியா?"

கெசியாவின் முகம் சுருங்கியது. சிலையைத் துண்டில் சுற்றிக் கட்டைப்பைக்குள் வைத்தாள். காப்பி அப்படியே இருந்தது.

"வாரனுங்கண்ணா. அக்கா, பொன்னாடை வேண்டாமுங்க. சும்மா வந்து உக்காந்தாப் போதும்."

"ஞாயித்துக்கெழமை எனக்கு மில்லுல வேலை இருக்குது."

ஞாயிற்றுக்கிழமை மில் ஆபீஸ் திறக்காது. மூன்று பேருக்கும் அது தெரியும்.

கெசியா படியிறங்கினாள். எப்போதும் வாசல் கேட் வரை போய் வழியனுப்பும் கிருபாவதி, அன்று நிலைப்படியைத் தாண்டவில்லை. தெருவில் நின்று கெசியா ஒருமுறை திரும்பிப் பார்த்தாள். அவள் மறுபடி நடக்கத் தொடங்குவதற்குள் கிருபாவதி கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டாள்.