நகப்பூச்சுக்கு அடியில்

என் நகங்களுக்கு முதன்முதலாகப் பாலிஷ் போட்டது ஒரு கல்யாணத்துக்காக அல்ல, ஓர் அறுவைச் சிகிச்சைக்காக. இதைச் சொன்னால் இப்போது எல்லோரும் சிரிக்கிறார்கள். அன்றைக்கு எங்கள் வீட்டில் யாரும் சிரிக்கவில்லை. வீட்டில் இருந்த அத்தனை பேரும் வெகு தீவிரமான முகங்களோடு என் விரல்களைச் சுற்றி உட்கார்ந்திருந்தார்கள்.

அப்போது ஐந்தாம் வகுப்பு படித்துக்கொண்டிருந்தேன். அடிவயிற்றில் வலப்பக்கம் ஓர் எலுமிச்சம்பழம் அளவுக்குப் புடைத்துக்கொண்டு வரும். படுத்தால் உள்ளே போய்விடும், இருமினால் திரும்ப வந்துவிடும். குடல் இறங்கியிருக்கிறது என்று சென்னைப் பெரிய ஆஸ்பத்திரியில் சொன்னார்கள். இப்போதைக்கு உள்ளே போய் வருகிறது, ஒருநாள் போகாமல் வெளியிலேயே சிக்கிக்கொண்டால் உயிருக்கு ஆபத்து, தள்ளிப்போடாதீர்கள் என்றும் சொன்னார்கள். ஏற்கெனவே ஒருமுறை அப்படிச் சிக்கிக்கொண்டு, நான் பச்சையாக வாந்தி எடுத்து, அம்மா என்னைத் தூக்கிக்கொண்டு பஸ்ஸுக்கு ஓடிய கதை நடந்திருந்தது. நல்லவேளையாகப் பஸ் குலுக்கிய குலுக்கலில் அது தானாகவே உள்ளே போனது. எங்கள் ஊர்ச் சாலையை நான் வாழ்நாளில் மெச்சிக்கொண்டது அந்த ஒரு முறைதான்.

நாங்கள் பழவேற்காட்டு ஏரிக்கரைக்காரர்கள். ஆனால் வலைக்காரர்கள் இல்லை. படகும் வலையும் வைத்திருப்பவர்கள் வேறு குப்பங்களில் இருந்தார்கள். எங்கள் பெண்கள் ஏரியில் இடுப்பளவுத் தண்ணீரில் உட்கார்ந்தபடியே நகர்ந்து, சேற்றுக்குள் இரண்டு கைகளையும் விட்டுத் துழாவி, அகப்படுகிற இறாலைப் பிடிப்பார்கள். கைக்கு வேலை இருப்பதால், பிடித்ததைப் போடுகிற ஓலைப்பறியைப் பல்லால் கடித்துப் பிடித்துக்கொள்ள வேண்டும். இதற்கு 'இறால் தடவுறது' என்று பெயர். தடவுவது என்றால் ஏதோ பூனைக்குட்டியைத் தடவுவது போல இருக்கும், கேட்பவர்களுக்கு. கெளுத்தி முள் ஏறும், சிப்பி கிழிக்கும், நகச்சுத்தி வந்து விரல் தெறிக்கும்.

எல்லாவற்றையும்விட மோசம் நகம்தான். உப்புத் தண்ணீரில் ஊறி ஊறிப் பிளந்துபோன நகத்துக்குள் ஏரியின் கருஞ்சேறு நுழைந்து, அங்கேயே குடித்தனம் நடத்த ஆரம்பித்துவிடும். அப்புறம் எந்தச் சோப்புக்கும் போகாது. நகமே கருநீலமாகிவிடும். அம்மாவின் நகங்கள் அப்படித்தான் இருந்தன. லீவு நாட்களிலெல்லாம் அம்மாவோடு தடவப் போனதில் எனக்கும் அப்படியே ஆகிவிட்டன. பள்ளிக்கூடத்தில் வலைக்காரர் வீட்டுப் பெண்கள் என்னைச் 'சேத்து நண்டு' என்பார்கள். நான் விரல்களை உள்ளுக்கு மடக்கிக்கொண்டே எழுதப் பழகியிருந்தேன். என் கையெழுத்து கோழி கிளறியது போல இருந்ததற்கு வாத்தியார் என்னென்னவோ காரணம் சொன்னார். உண்மைக் காரணத்தை நான் சொல்லவில்லை.

ஆஸ்பத்திரியில் தேதி கொடுத்ததும் மீஞ்சூரில் வாழ்க்கைப்பட்டிருந்த அத்தை வந்து இறங்கினாள். அவள் வீட்டுக்காரர் ஃபாக்டரியில் வேலை பார்த்தார், அதனால் நாகரிகம் சம்பந்தப்பட்ட எல்லா விஷயங்களிலும் எங்கள் வீட்டில் அவள் சொன்னதே தீர்ப்பு. என் கையைத் தூக்கிப் பார்த்துவிட்டு முகத்தைச் சுளித்தாள்.

"இந்தக் கையோட போனா டாக்டருங்க தொடவே யோசிப்பாங்க அண்ணி. கொயந்தைய இன்னா கெதியில வச்சிக்கீறாங்க பாருனு உங்களத்தான் கேவலமா பேசுவாங்க."

அம்மாவுக்குச் சுருக்கென்றது. என் கைகளைப் புளி போட்டுத் தேய்த்தாள், எலுமிச்சைத் தோல் போட்டுத் தேய்த்தாள், கடைசியில் பாத்திரம் துலக்குகிற தேங்காய் நாரால் தேய்த்தாள். விரல்கள் சிவந்தனவே தவிர நகங்கள் வெளுக்கவில்லை. அப்போதுதான் அத்தை தன் கைப்பையிலிருந்து அந்தக் குப்பியை எடுத்தாள். மெரூன் கலர். ஒரு பூச்சில் கருப்பு தெரிந்தது, இரண்டாவது பூச்சிலும் லேசாகத் தெரிந்தது, மூன்றாவது பூச்சில் காணாமல் போனது. நான் என் கைகளை முகத்துக்கு நேரே விரித்துப் பார்த்தேன். அவை யாரோ ஒரு வசதியான வீட்டுப் பெண்ணின் கைகள். வயிற்றில் கத்தி வைக்கப்போகிறார்கள் என்பதே எனக்கு மறந்துபோனது.

"உங்களுக்கும் பூசி உடட்டா அண்ணி?" என்றாள் அத்தை.

"எனக்கு இன்னாத்துக்கு? நானா படுக்கப் போறேன்?" என்று அம்மா கைகளை முந்தானைக்குள் இழுத்துக்கொண்டாள். ஆஸ்பத்திரி போய்ச் சேர்ந்த பிறகும் அவற்றை வெளியே எடுக்கவில்லை.

ஆஸ்பத்திரியில் சேர்த்துக்கொள்ளும்போது ஒரு பயிற்சி டாக்டர் கேள்விகள் கேட்டு எழுதிக்கொண்டார். எந்த ஊர் என்றதும், "டச்சுக்காரங்க கல்லறை இருக்கே, அந்த ஊரா?" என்றார்.

என் அப்பா, நாங்கள் நைனா என்றுதான் கூப்பிடுவோம், இந்த வாய்ப்பை விடவில்லை. "ஆமாங்கய்யா, கல்லறைக்கு ஒட்னாப்ல நம்ம வூடு. மீன் யாவாரம்" என்றார். கல்லறைக்கும் எங்கள் குடிசைக்கும் நடுவே நடந்து கடக்கவே ஒரு பொழுது ஆகும். நாங்கள் செய்த மீன் வியாபாரம், பிடித்த இறாலைக் கரையில் வந்து நிற்கிற தரகரிடம் கொடுப்பது. ஆனாலும் டச்சுக்காரர்களின் பக்கத்து வீட்டுக்காரராக இருப்பதில் நைனாவுக்கு ஒரு கௌரவம் தெரிந்திருக்க வேண்டும்.

"குழந்தை கனமா ஏதாவது தூக்குமா? வேலைக்கு ஏதும் போகுதா?" என்று அடுத்த கேள்வி வந்தது.

"இல்லீங்க சார். ஸ்கூலுக்குப் போவும், வரும். ஏரிப் பக்கமே உட மாட்டோம்" என்றாள் அம்மா. சொல்லிவிட்டு என்னைப் பார்த்தாள். நானும் ஆமாம் என்று தலையாட்டினேன். எங்கள் மூன்று பேருக்கும் அது பொய்யாகவே தோன்றவில்லை. நல்ல துணி உடுத்திக்கொண்டு வந்திருந்தோம், அதற்குப் பொருத்தமாகப் பேசினோம், அவ்வளவுதான்.

ஆபரேஷன் அன்று காலையில் ஒரு நர்ஸ் வந்து வளையலைக் கழற்று, கம்மலைக் கழற்று, இடுப்புக் கயிற்றைக் கழற்று என்று வரிசையாகக் கழற்ற வைத்தார். பச்சை அங்கியை மாட்டிவிட்டுக் கையைப் பிடித்தவர் அப்படியே நின்றார்.

"யாரு இதப் பூசி விட்டது? சினிமாவுக்கா போறா? நகத்துல ஒண்ணும் இருக்கக் கூடாதுன்னு யாரும் சொல்லலயா?"

நான் சட்டென்று இரண்டு கைகளையும் முஷ்டியாக மூடிக்கொண்டேன். அவர் பிரிக்கப் பார்த்தார். சேற்றுக்குள் இறாலை நழுவ விடாமல் பிடித்துப் பழகிய கைகள் அவை, அவ்வளவு சுலபத்தில் பிரியவில்லை. கோபப்படுவார் என்று நினைத்தேன். அவர் கட்டிலில் என் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டார்.

"இங்க பாரு கண்ணு. மயக்கத்துல இருக்கறப்ப உனக்கு மூச்சு முட்டினா உன்னால சொல்ல முடியுமா? முடியாது. உன் நகந்தான் எங்களுக்குச் சொல்லும். ரத்தத்துல காத்து கொறஞ்சா நகம் நீலமாயிடும். விரல்ல ஒரு கிளிப்பு மாட்டுவாங்க, அது வெளிச்சம் அடிச்சு உள்ள பாக்கும். நீ இப்படிச் செவப்பா மூடி வச்சிருந்தா அது தப்பாச் சொல்லிடும். அப்புறம் உன்ன யாரு காப்பாத்துறது?"

அவர் சொன்னது எனக்கு நன்றாகவே புரிந்தது. அதனால்தான் இன்னும் இறுக்கி மூடிக்கொண்டேன். நீல நகத்தைத்தான் அவர்கள் தேடுகிறார்கள் என்றால், என் விரல்களில் அது ஏற்கெனவே இருந்தது.

கடைசியில் அம்மாதான், "தொறடி" என்றாள். திறந்தேன். இளவயது நர்ஸ் ஒருத்தியின் பையிலிருந்து பாலிஷ் அழிக்கிற மருந்து வந்தது. பஞ்சில் தொட்டுத் தொட்டு ஒவ்வொரு விரலாகத் துடைத்தார்கள். மெரூன் போகப் போக அடியிலிருந்து என் சொந்த நகங்கள் எட்டிப் பார்த்தன. நர்ஸின் கை நின்றது. இன்னொரு பஞ்சை எடுத்து மறுபடி தேய்த்தார். பிறகு எழுந்து போய் மயக்க மருந்து கொடுக்கிற டாக்டரை அழைத்து வந்தார்.

அந்த டாக்டரம்மா ஒல்லியாக, கண்ணாடி போட்டுக்கொண்டு, அவசரமில்லாமல் நடந்து வந்தார். என் விரலில் கிளிப்பை மாட்டினார். அந்தப் பெட்டியில் எண் ஏறியது, இறங்கியது, ஓரிடத்தில் நிற்கவே இல்லை. மாடிப்படி ஏறினால் மூச்சு வாங்குமா, ஓடினால் உட்கார்ந்துவிடுவாளா, இருதயத்தில் ஓட்டை என்று யாராவது சொன்னார்களா என்று கேட்டார். அம்மா எல்லாவற்றுக்கும் இல்லை இல்லை என்றாள்.

"அப்ப நகம் ஏன் இப்படி இருக்கு? எத்தன நாளா?"

இங்கேதான் நைனா தன் மரியாதையைக் காப்பாற்றிக்கொள்ளக் கடைசி முயற்சி செய்தார். "அது பொறந்ததுலருந்தே அப்படித்தாங்க" என்றார்.

இதைவிடப் பொருத்தமாக யாராலும் வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்டிருக்க முடியாது. டாக்டரம்மா நிமிர்ந்து பார்த்தார். "பிறந்ததுல இருந்தேவா?" என்று திருப்பிக் கேட்டார். நர்ஸிடம், இன்றைக்கு இந்தப் பெண் வேண்டாம், இருதய டாக்டர் பார்க்கட்டும், எல்லா சோதனையும் முடிந்த பிறகு வேறு தேதி பார்த்துக்கொள்ளலாம் என்றார். அந்த வேறு தேதி எப்போது வரும் என்று நைனா கேட்டதற்கு மாதக்கணக்கில் ஆகலாம் என்று பதில் வந்தது. அதற்குள் எப்போது வேண்டுமானாலும் வயிற்றில் இருப்பது மறுபடி சிக்கிக்கொள்ளலாம். அடுத்த முறை பஸ் குலுக்கிக் காப்பாற்றும் என்பதற்கு உத்தரவாதம் எதுவும் இல்லை. நைனாவுக்கு முகம் செத்துவிட்டது. ஆனாலும் வாய் திறக்கவில்லை.

அம்மா முந்தானைக்குள்ளிருந்து கைகளை வெளியே எடுத்தாள். எடுத்து, பிச்சை கேட்பவள் போல அல்லாமல், புறங்கை மேலே தெரியும்படி டாக்டரம்மாவின் முகத்துக்கு நேரே நீட்டினாள்.

"அது நோவு இல்ல டாக்டரம்மா. ஏரிச் சேறு. இத பாருங்க, எனக்கும் அதேதான். நாங்க இறா தடவுறவங்க. நான்தான் இவள கூட்டிகினு போவேன். நேத்து பொய் சொல்ட்டேன், அசிங்கமா இருந்திச்சினு பொய் சொல்ட்டேன். கொயந்தைக்கு ஒண்ணும் இல்ல. தயவு பண்ணி இன்னிக்கே பண்ணி உட்ருங்க."

குரல் வார்டு முழுக்கக் கேட்டது. பக்கத்துக் கட்டில்காரர்கள் எழுந்து உட்கார்ந்து பார்த்தார்கள். குளுக்கோஸ் பாட்டில் எடுத்துப் போன ஒரு பையன்கூட நடையில் நின்று பார்த்துவிட்டுப் போனான். பிளந்து, கருத்து, பாதி தேய்ந்துபோன அந்தப் பத்து நகங்களும் எல்லோருடைய பார்வைக்கும் இருந்தன. டாக்டரம்மா அம்மாவின் கையை வாங்கித் திருப்பிப் பார்த்தார். பிறகு கிளிப்பைக் கழற்றி அம்மாவின் விரலில் மாட்டினார். எண் அதே போல ஏறி இறங்கித் தடுமாறியது. என் காதுமடலில் மாட்டினார், அங்கே அது ஒழுங்காக நின்றது. என் நாக்கை நீட்டச் சொன்னார், கீழிமையை இழுத்துப் பார்த்தார், நெஞ்சில் குழாய் வைத்து வெகுநேரம் கேட்டார்.

"இத முதல்லயே சொல்லியிருக்கலாமேம்மா" என்றார், கடுமையில்லாமல். "காதுல மாட்டியே பாத்துக்கறேன். கூட்டிட்டு வாங்க."

நியாயமாக எனக்குச் சந்தோஷம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. எனக்கு வந்தது வெட்கம், உடம்பெல்லாம் பற்றி எரிகிற வெட்கம். பள்ளிக்கூடத்தில் இத்தனை நாள் நான் மடக்கி மடக்கி ஒளித்ததை அம்மா இத்தனை பேருக்கு முன்னால் நீட்டிக் காட்டிவிட்டாள். இறால் தடவுறவங்க என்று சத்தமாக வேறு சொல்லிவிட்டாள். இனி இந்த வார்டில் எல்லோருக்கும் நான் சேத்து நண்டுதான். அம்மா அந்தக் கைகளை மறுபடி முந்தானைக்குள் வைத்துக்கொண்டால் தேவலை என்று இருந்தது. அவள் வைத்துக்கொள்ளவில்லை. என்னை ஸ்ட்ரெச்சரில் ஏற்ற, அந்தக் கைகளாலேயே பிடித்துத் தூக்கினாள்.

நான் முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டேன்.

ஸ்ட்ரெச்சர் நகர்ந்தது. அம்மா கூடவே நடந்து வந்தாள். என் கன்னத்தைத் தொட வந்த கையை, நான் பார்க்காமலே, தலையை நகர்த்தி ஒதுக்கினேன். கை ஒரு கணம் அங்கேயே இருந்தது, பிறகு விலகியது. நர்ஸ் அதைப் பார்த்துவிட்டார். "என்னடி, அம்மாகிட்ட மூஞ்சி திருப்பற?" என்று கேட்டார்.

நான் பதில் தேடிக்கொண்டிருக்கும்போதே அம்மா முந்திக்கொண்டாள். "பயந்துகினு கீதும்மா. ஊசி, கத்தி இன்னா அதுக்கு ரொம்ப பயம், அதான்" என்றாள்.

ஊசிக்கும் கத்திக்கும் நான் பயப்படுகிறவள் இல்லை. அது அம்மாவைவிட நன்றாகத் தெரிந்தவர்கள் உலகத்தில் யாரும் கிடையாது. ஆனால் கதவு மூடி, மூக்கில் முகமூடியை வைத்து, மெதுவாக மூச்சை இழு என்று டாக்டரம்மா சொன்னபோது, அந்த விஷயம் எனக்குத் தோன்றவே இல்லை. நல்லவேளை, அம்மா ஏமாந்துவிட்டாள் என்ற நிம்மதியோடுதான் நான் மயங்கினேன்.